ஊசியும் ஒப்பமும்: பெண்ணியக் கலையில் பெயர் பற்றிய சிக்கல் – ஜூடி சிகாகோவின் ‘இராவிருந்து’ படைப்பை முன்வைத்து

பெண்கள் இயக்கத்தில் கலைக்குரிய இடம் யாது என்னும் வினாவுக்குத் திறனாய்வுலகில் இரு விடைகள் வழக்கிலுள்ளன. கலை இயக்கத்தின் கருவி. இயக்கத்தின் முழக்கத்தைக் கண்ணுக்குப் புலப்படுத்துவதே அதன் பணி என்பது ஒன்று. கலை தன்னளவில் நிற்பது. இயக்கம் அதற்குப் பொருளைத் தருமேயன்றி மதிப்பைத் தராது என்பது மற்றொன்று. இவ்விரு விடைகளும் செய்து முடிந்த பொருளை மட்டுமே நோக்குகின்றன. அதனை எவர் செய்தார், எவ்வாறு கூடிச் செய்தார், செய்து முடித்தபின் எவருடைய பெயர் அதன்மேல் நின்றது என்பவை இரண்டிலும் விடுபடுகின்றன. பெண்ணின் உழைப்பு பெயரின்றிக் கரைந்துபோவதை எதிர்த்தெழுந்த ஓர் இயக்கத்தின் கலையை மதிப்பிடும்போது இவ்வினாக்களை ஒதுக்கிவிட முடியாது. ஜூடி சிகாகோ 1974 முதல் 1979 வரை உருவாக்கிய ‘தி டின்னர் பார்ட்டி’ என்னும் பெரும் படைப்பு இச்சிக்கலை வேறெந்தப் படைப்பையும்விடக் கூர்மையாக முன்வைக்கிறது. தமிழில் அதனை ‘இராவிருந்து’ எனலாம்.

அப்படைப்பு வெறுமையிலிருந்து தோன்றியதன்று. பெண்களின் பெயர்களை ஊசியாலும் நூலாலும் வரலாற்றில் எழுதும் முயற்சி அதற்கு எழுபது ஆண்டுகளுக்கு முன்னரே பிரித்தானிய வாக்குரிமை இயக்கத்தில் நடந்தேறியது. 1907இல் தோன்றிய கலைஞர் வாக்குரிமைக் கழகத்தின் முன்னோடி மேரி லவுண்ட்ஸ். கண்ணாடி ஓவியக் கலையில் தேர்ந்த இவர், 1908 ஜூன் 13ஆம் நாள் இலண்டனில் நடைபெற்ற பேரணிக்காகப் பதாகைகளை வடிவமைத்தார். பத்தாயிரத்துக்கும் மேற்பட்ட பெண்கள் நடந்த அப்பேரணியில் பூத்தையலாலும் ஒட்டுத்தையலாலும் ஆன 70க்கும் மேற்பட்ட பதாகைகள் ஏந்தப்பட்டன. அவற்றுள் பல, வரலாற்றுப் பெண்களின் நினைவைப் போற்றுவன: உரோமரை எதிர்த்த அரசி பொடிசியா, வானியலாளர் கரோலின் ஹெர்ஷல் முதலியோர் பட்டிலும் வெல்வெட்டிலும் இலண்டன் தெருக்களில் வலம் வந்தனர். இவ்விருவரும் 1979இல் சிகாகோவின் விருந்து மேசையிலும் இருக்கை பெற்றனர் என்பது தற்செயலன்று. பேரணிக்குப் பின்னர் அப்பதாகைகள் பிற நகரங்களில் காட்சிக்கும் வைக்கப்பட்டன. தெருவிலிருந்து கூடத்துக்குச் செல்லும் பயணம் அப்போதே தொடங்கிவிட்டது.

எனினும் அவ்வியக்கத்தின் உண்மையான கலைச்சாதனையாகக் கருதத்தக்கது வேறொன்று. கிளாஸ்கோ கலைப்பள்ளியில் பூத்தையல் கற்பித்த ஆன் மக்பெத், சிறையில் உண்ணாநோன்பிருந்த 80 பெண்களின் கையொப்பங்கள் தைக்கப்பட்ட துணித்துண்டுகளை இணைத்து ஒரு போர்வையை வடிவமைத்தார். நிதிதிரட்டும் விற்பனைக்கென உருவான அது பின்னர் பதாகையாகி, 1910 ஜூன் மாதப் பேரணியில் ஏந்திச் செல்லப்பட்டது. 1909ஆம் ஆண்டின் பிற்பகுதியிலிருந்து உண்ணாநோன்பிகளுக்குக் குழாய்வழி வலிந்து உணவூட்டும் கொடுமை நடைமுறைக்கு வந்திருந்தது. உடல்மீதான உரிமையே பறிக்கப்பட்ட பெண்கள் தம் பெயரைத் தாமே எழுதினர். 1912 மார்ச் மாதத்தில் ஹொலோவே சிறையில் அடைக்கப்பட்ட பெண்களும் ஒரு கைக்குட்டையில் 66 ஒப்பங்களைத் தைத்தனர். அது இன்றும் சசெக்ஸ் பகுதியின் சிறு அருங்காட்சியகமொன்றில் உள்ளது. அதில் ஓவியத் திறன் என்று சொல்லத்தக்கது மிகக் குறைவு. ஆனால் ஓவியன் தன் ஓவியத்தின் மூலையில் இடும் ஒப்பத்துக்கும் இந்த ஒப்பத்துக்கும் இடையேயுள்ள வேறுபாடு பெரிது. முன்னது ‘இது என்னுடையது’ என்கிறது. பின்னது ‘இதில் நானும் இருந்தேன்’ என்கிறது. உடைமையைக் குறிக்கும் ஒப்பம், உறுதிமொழியைக் குறிக்கும் ஒப்பம் என இவ்விரண்டையும் பிரித்துணர்வது ‘இராவிருந்து’ படைப்பை விளங்கிக்கொள்ள இன்றியமையாதது.

1970களின் பெண்ணியக் கலை, பெயர் தொடர்பாக ஒன்றோடொன்று பொருந்தாத இரு கோரிக்கைகளுடன் பிறந்தது. கலை வரலாற்றில் பெண்களின் பெயர்கள் இல்லை, அவை சேர்க்கப்பட வேண்டும் என்பது முதலாவது. பெருங்கலைஞன் என்னும் தனிமனிதத் தொன்மமே பொய், அது தகர்க்கப்பட வேண்டும் என்பது இரண்டாவது. பெண்களுள் பெருங்கலைஞர் ஏன் தோன்றவில்லை என்ற வினாவை 1971இல் கட்டுரைத் தலைப்பாகவே எழுப்பிய லிண்டா நொக்லின், மறைந்த பெயர்களைத் தோண்டியெடுத்து அவ்வினாவுக்கு விடை சொல்ல முற்படுவதே பொறியில் விழுவதாகும் எனக் கண்டார். கலைஞரை உருவாக்கும் நிறுவனங்களையும் பயிற்சியையும் மேதை என்னும் கற்பனையையும் ஆராய வேண்டும் என்பது அவரது வாதம். இயக்கம் அவரது வாதத்தை ஏற்றது. அதேவேளை பெயர்களைத் தோண்டியெடுக்கும் பணியையும் முழுமூச்சாக மேற்கொண்டது. ஒதுக்கப்பட்டவர்களுக்கு இவ்விரண்டுமே தேவைப்பட்டன.

பெயர் பற்றிய இவ்வுணர்வு சிகாகோவின் சொந்த வாழ்விலேயே தொடங்குகிறது. 1939இல் ஜூடித் கோஹென் ஆகப் பிறந்து, திருமணத்தால் ஜெரோவிட்ஸ் ஆன அவர், ஆணாதிக்கச் சமூகம் தன்மீது சுமத்திய பெயர்களைக் களைவதாக 1970இல் விளம்பரமொன்றின் வாயிலாக அறிவித்துப் பிறந்த ஊரின் பெயரை ஏற்றார். அதே ஆண்டில் கலிபோர்னியாவின் பிரெஸ்னோ நகரில் பெண்களுக்கான தனிக் கலைப்பயிற்சியைத் தொடங்கினார். மிரியம் ஷபிரோவுடன் இணைந்து, மாணவியரைக் கொண்டு ஹொலிவுட்டின் பாழடைந்த வீடொன்றை 1972இல் ‘வுமன்ஹவுஸ்’ என்னும் கலைக்களமாக மாற்றினார். அங்கே சமையலறையும் குளியலறையும் துணி அலமாரியும் கலைப்பொருள்களாயின. பெண்கள் கூடியமர்ந்து தத்தம் அனுபவங்களைப் பேசும் விழிப்புணர்வுக் குழுக்களே அக்கலைக்குக் கருவூலமாய் அமைந்தன.

‘இராவிருந்து’ ஒவ்வொரு பக்கமும் 48 அடி நீளமுள்ள முக்கோண மேசையாகும். பக்கத்துக்கு 13 என 39 இருக்கைகள். பதின்மூன்று என்ற எண் இயேசுவின் கடைசி இராவுணவை நினைவூட்டுவது. அவ்வுணவில் ஆண்களே அமர்ந்திருந்தனர், சமைத்தவர் எவரென ஓவியர் பெரும்பாலும் காட்டியதில்லை. ஒவ்வோர் இருக்கைக்கும் ஒரு பீங்கான் தட்டு, கிண்ணம், கரண்டி, பூத்தையலிட்ட விரிப்பு. மேசைக்குள் அடங்கிய தளத்தில் 2,300க்கு மேற்பட்ட வெண்ணிற ஓடுகள்; அவற்றில் பொன்னிறத்தில் எழுதப்பட்ட 999 பெயர்கள். அந்த 999இல் ஒருவர் பெண்ணல்லர். பண்டைய கிரேக்கச் சிற்பி கிரெசிலாஸ் பெண் எனத் தவறாகக் கருதப்பட்டு இடம்பெற்றுவிட்டார். இணையமற்ற காலத்தில் நூலகங்களில் அமர்ந்து தொண்டர்கள் தேடித் தொகுத்த பட்டியல் அது. ஆண்களின் பெயர்களே நிறைந்த கலை வரலாற்று நூல்களோடு ஒப்பிட்டால் இப்பிழை மிகச் சிறிது.

இப்படைப்பைத் தாக்கியவர்களும் தாங்கியவர்களும் தட்டுகளைப் பற்றியே பேசினர். வண்ணத்துப்பூச்சியையும் மலரையும் பெண்குறியையும் ஒருங்கே நினைவூட்டும் வடிவங்கள் அத்தட்டுகளில் உள்ளன. காலவரிசையில் பிந்தி வரும் பெண்களின் தட்டுகளில் அவ்வடிவங்கள் தட்டைவிட்டுப் புடைத்தெழுகின்றன. விடுதலை வளர்வதன் குறியீடு அது. இதனை மலிவான கலை என நியூயோர்க் விமர்சகர் ஹில்டன் கிரேமர் இகழ்ந்தார். பெண்ணைப் பெண்ணுறுப்பாகவே மீண்டும் சுருக்குவது விடுதலையாகுமா எனப் பெண்ணியரே வினவினர். இரண்டாவது வினா வலுவானது. அதற்கு நிறைவான மறுமொழி இன்றுவரை எவராலும் கூறப்படவில்லை.

ஆயினும் இப்படைப்பின் உயிர் தட்டுகளில் அன்று, அவற்றின்கீழ் விரிந்த துணிகளிலேயே உள்ளது. ஒவ்வொரு விரிப்பும் அதற்குரிய பெண் வாழ்ந்த காலத்தின் தையல் முறையைத் தழுவியது. மேரி வுல்ஸ்டன்கிராப்டின் இருக்கையை எடுத்துக்கொள்ளலாம். பெண்ணுரிமைக்கான வாதத்தை 1792இல் நூலாக வெளியிட்ட அவர், 1797இல் மகப்பேற்றைத் தொடர்ந்து இறந்தார். விரிப்பின் முன்புறத்தில் பூவும் பறவையும் கொண்ட, அக்காலத்துக் குடும்பப் பெண்கள் பொழுதுபோக்காகச் செய்த மென்மையான புடைப்புத் தையல்; பின்புறத்தில் அதே தையலால் ஆன அவரது மரணப் படுக்கை. அப்பின்புறம் முக்கோணத்தின் உட்பக்கத்தை நோக்கியிருப்பதால் எதிர்ப்பக்கத்தில் நின்று, தொலைவிலிருந்தே அதனைக் காணமுடியும். ‘பெண்ணுக்கு உகந்த வேலை’ எனப் பழிக்கவும் புகழவும் பட்ட ஒரு தொழிலைக் கொண்டே பெண்ணுடலுக்கு நேர்ந்த அழிவைச் சொல்லுதல் என்னும் இவ்வுத்தி, எந்தத் தட்டிலும் எட்டப்படாத ஆழம் உடையது.

தையல் கலையா, கைவினையா என்னும் பூசலில் தமிழ் வாசகர் கவனிக்கத்தக்கது ஒன்றுண்டு. நுண்கலை வேறு, கைவினை வேறு எனத் தமிழில் இன்று நிலவும் பாகுபாடு ஐரோப்பியக் கலைச்சிந்தனையின் வழிவந்தது. வாத்சியாயனர் தரும் அறுபத்துநான்கு கலைகளின் பட்டியலில் இசையும் ஓவியமும் ஊசிவேலையும் சமையலும் மாலை தொடுத்தலும் அருகருகே நிற்கின்றன. அதற்காகப் பழமை பெண்களுக்கு நீதி வழங்கியது என்று கொள்வதற்கில்லை. நன்னூற் பாயிரம் நூல் இயற்றுவதை நூல் நூற்பதற்கு உவமிக்கிறது. அங்கே சொல் பஞ்சாகவும் புலவன் நூற்கும் பெண்ணாகவும் உருவகம் பெறுகின்றனர். உவமைக்குப் பெண் வேண்டும். ஆனால் நூற்பவள் பெயரற்றவள், பெயர் நூலாசிரியனுக்கே உரியது. சாந்த மொனிக்காவிலிருந்த சிகாகோவின் பட்டறையில் எழுந்த சிக்கலும் இதுவே; அங்கே ஆசிரியர் பெண் என்பது மட்டுமே வேறுபாடு.

அப்பட்டறையில் ஐந்தாண்டுகளில் ஏறத்தாழ 400 பேர், பெரும்பாலும் பெண்கள், பெரும்பாலும் ஊதியமின்றிப் பணியாற்றினர். பூத்தையல் பணியைச் சூசன் ஹில் வழிநடத்தினார். வாரந்தோறும் கூட்டுணவும் கலந்துரையாடலும் நடந்தன. வேலைப்பளுவும் அதிகாரமும் பற்றிய பூசல்களும் அங்கே வெளிப்படையாகப் பேசப்பட்டன. ஜொஹானா டெமெட்ராகாஸ் எடுத்த 1980ஆம் ஆண்டு ஆவணப்படம் அச்சூழலைப் பதிவுசெய்துள்ளது. இது கூட்டுப்படைப்பன்று, பலருடைய ஒத்துழைப்பால் நிறைவேறிய தனது படைப்பு என்பதே சிகாகோவின் நிலைப்பாடு. பணியாளரின் பெயர்கள் தனிப் பலகைகளில் எழுதி உடன்வைக்கப்பட்டன. தையல் பணி பற்றி 1980இல் தனி நூலும் வெளிவந்தது. மறுமலர்ச்சிக்கால ஓவியரின் பட்டறைகளில் உழைத்த சீடர்களுக்கு இந்த அளவு மதிப்பும் கிடைத்ததில்லை என்பது அவருக்குச் சார்பான வாதம். ஆயினும் மறக்கப்பட்ட பெண்ணுழைப்பை மீட்பதே பொருளாகக் கொண்ட படைப்பை மறுமலர்ச்சிப் பட்டறையின் அளவுகோலால் அளப்பது அதனைத் தாழ்த்துவதேயாகும். ஹொலோவே கைக்குட்டையே அதற்குரிய அளவுகோல். அங்கே எல்லாப் பெயர்களும் ஒரே துணியில், ஒரே நூலில் நிற்கின்றன. இங்கே பெருமக்களின் பெயர்கள் மேசையிலும் தளத்திலும், தைத்தவர்களின் பெயர்கள் புறத்தேயுள்ள பலகைகளிலும், ஒரு பெயர் மட்டும் முழுப்படைப்பின்மீதும் நிற்கின்றன. இதனைச் சிகாகோவின் தனிப்பட்ட குறையாகப் பார்ப்பது பொருந்தாது. இயக்கத்தின் இரு கோரிக்கைகளுள் முதலாவதை முழுமையாக நிறைவேற்ற முயன்றபோது இரண்டாவது பின்தள்ளப்பட்டது.

விருந்துக்கு அழைக்கப்பட்டோர் யார் என்ற வினா இன்னும் கூர்மையானது. மேசையிலுள்ள ஒரே ஆபிரிக்க அமெரிக்கப் பெண் அடிமை ஒழிப்புப் போராளி சோஜர்னர் ட்ரூத். அவரது தட்டில் அழும் முகம், சினந்த முகம், முகமூடி என மூன்று முகங்களே உள்ளன. ஏனைய தட்டுகள் ஏறக்குறைய அனைத்திலும் உள்ள பெண்ணுறுப்பு வடிவம் அங்கே இல்லை. கறுப்பினப் பெண்ணுக்கும் பெண்ணுடல் உண்டென வெள்ளைப் பெண்ணியரால் எண்ணிப்பார்க்க இயலவில்லையா என 1979இல் அலிஸ் வோக்கர் வினவினார். பின்னர் ஹோர்டென்ஸ் ஸ்பில்லர்ஸ் இதனைக் கறுப்பினப் பெண்ணின் பாலுமை அழிக்கப்படும் நீண்ட வரலாற்றோடு இணைத்தார். இசையமைப்பாளர் ஈதெல் ஸ்மித்தின் தட்டும் பியானோ வடிவிலேயே உள்ளது என்னும் மறுப்பு இக்குற்றச்சாட்டைத் தளர்த்துவதில்லை. ஸ்மித்துக்கு அவரது தொழில் அடையாளமாயிற்று. ட்ரூத்துக்குத் துன்பமே அடையாளமாயிற்று. இங்கும் விரிப்பு தட்டைவிட அறிவுடையது என்பது வியப்புக்குரியது: ஆபிரிக்கப் பட்டை நெசவையும் அமெரிக்க ஒட்டுத்துணிப் போர்வையையும் இணைத்த அத்துணி, அடிமைப்பட்ட பெண்கள் கடல்கடந்து கொண்டுவந்த அறிவைக் காட்டுகிறது.

இந்தியத் துணைக்கண்டத்துக்கு அம்மேசையில் ஓர் இருக்கை உண்டு. அதில் அமர்ந்திருப்பவள் காளி. அரசியரும் புலவரும் மருத்துவரும் மேற்கிலிருந்து வர, இந்தியாவிலிருந்து தெய்வம் மட்டுமே வருகிறது. ஔவையாரையோ காரைக்காலம்மையாரையோ சிகாகோ அறிந்திருக்க வேண்டும் என எதிர்பார்ப்பதற்கில்லை. ஆனால் கிழக்குக்குத் தொன்மமும் மேற்குக்கு வரலாறும் எனப் பங்கிடும் பழக்கம் விடுதலை நோக்குடைய படைப்பிலும் எவ்வளவு இயல்பாக நுழைந்துவிடுகிறது என்பதை இவ்விருக்கை காட்டுகிறது.

இத்தனை குறைகளையும் மீறி ‘இராவிருந்து’ இயக்கத்தில் பெற்ற இடம் பெரிது; அவ்விடம் அதன் பயணத்தால் உருவானது. 1979 மார்ச் மாதத்தில் சான் பிரான்சிஸ்கோ நவீனக் கலை அருங்காட்சியகத்தில் திறக்கப்பட்டபோது மூன்று மாதங்களில் ஏறத்தாழ 100,000 பேர் கண்டனர். ஆயினும் அடுத்து ஏற்பதாயிருந்த அருங்காட்சியகங்கள் பின்வாங்கின. அதன்பின் ஹியூஸ்டன், சிகாகோ முதலிய நகரங்களில் பெண்கள் தாமே குழுக்களாகச் சேர்ந்து, நிதி திரட்டி, இடம் தேடி அதனை வரவழைத்தனர். கலை அருங்காட்சியகத்துக்குள் அடியெடுத்து வைத்தறியாத பெண்கள் பலர் வரிசையில் நின்றனர். 1982இல் கனடாவின் மொன்றியல், ரொறன்ரோ நகரங்களுக்கும், பின்னர் எடின்பரோ, இலண்டன், மெல்பேர்ண் ஆகியவற்றுக்கும் அது சென்றது. ஈழத்தமிழர் ரொறன்ரோவில் பெருந்தொகையாகக் குடியேறத் தொடங்கியது அதற்குப் பிந்திய ஆண்டுகளில். ஓரிரு ஆண்டு இடைவெளியில் ஒரு சந்திப்பு நழுவியது எனலாம். கலையை இயக்கம் சுமந்து சென்ற காலம் அது. பெட்டிகளை இறக்கியவர்களும் நுழைவுச்சீட்டு விற்றவர்களும் அப்படைப்பின் பொருளைத் தையற்காரரைப் போலவே உருவாக்கினர். அவர்களின் பெயர்கள் எந்தப் பலகையிலும் இல்லை.

1990இல் கொலம்பியா மாவட்டப் பல்கலைக்கழகத்துக்கு அதனைக் கொடையாக வழங்கச் சிகாகோ முன்வந்தபோது, அமெரிக்க நாடாளுமன்றத்தின் கீழவையில் உறுப்பினர் சிலர் அதனை ஆபாசமெனச் சாடினர். பல்கலைக்கழக நிதியைக் குறைக்கவும் முற்பட்டனர். கொடை மீளப்பெறப்பட்டது. நெடுங்காலம் பெட்டிகளுக்குள் கிடந்தபின், எலிசபெத் சாக்லர் அறக்கட்டளையின் கொடையாக 2002இல் புரூக்ளின் அருங்காட்சியகத்தை அடைந்து, 2007இல் அங்கு நிரந்தர இடம் பெற்றது. இன்று அது பாதுகாப்பாக உள்ளது. மங்கிய ஒளியில், கண்ணாடிச் சுவர்களுக்கிடையே, கோயில் கருவறையின் அமைதியுடன் காட்சியளிக்கிறது. 1980களில் அதனைச் சூழ்ந்திருந்த இரைச்சலும் வாக்குவாதமும் அங்கே கேட்பதில்லை. இயக்கக் கலைக்கு அருங்காட்சியகம் அளிக்கும் பாதுகாப்பின் விலை அது. அவ்விலையைக் கொடுத்திராவிடில் அத்துணிகள் பூச்சிக்கு இரையாகியிருக்கும் என்பதும் உண்மையே.

பெயரிடுதல் எல்லாச் சூழலிலும் வேண்டத்தக்கதுமன்று. பினோசே ஆட்சிக்கால சிலியில், காணாமலாக்கப்பட்டோரின் தாய்மாரும் மனைவியரும் கோணித்துணிமீது கந்தல்களைத் தைத்து உருவாக்கிய ‘அர்ப்பிய்யேரா’ துணிச்சித்திரங்கள் 1974 முதல் கத்தோலிக்கத் திருச்சபையின் அடைக்கலத்தில் உருவாகி வெளிநாடுகளுக்குச் சென்றன. அவற்றில் தைத்தவர் ஒப்பம் இராது. இருந்தால் உயிருக்கே ஆபத்து. அவற்றில் உரக்கச் சொல்லப்படுவது தைத்தவரின் பெயரன்று, இல்லாதவரின் பெயர். 2017 பெப்ரவரி முதல் கிளிநொச்சியிலும் வவுனியாவிலும் முல்லைத்தீவிலும் தெருவோரப் பந்தல்களில் அமர்ந்த தமிழ்த் தாய்மார் மடியில் ஏந்திய படங்களுக்கும் இதே இலக்கணம் பொருந்தும். அப்படங்களைக் கலையென வகைப்படுத்துவது அவசியமற்றது. ஆனால் பெண்கள் இயக்கத்தின் காட்சிமொழியை எழுதுவோர் சிலியின் துணிகளுக்கு இடமளித்துவிட்டு இவற்றைக் கடந்துசெல்ல நியாயமில்லை.

‘இராவிருந்து’ எழுப்பிய பெயர்ச் சிக்கலைச் சிகாகோ உணர்ந்திருந்தார் என்பதற்கு அவரது அடுத்த பணியே சான்று. 1980 முதல் 1985 வரை நடந்த ‘பிறப்புத் திட்டம்’ மகப்பேற்றைப் பொருளாகக் கொண்ட பூத்தையற் படைப்புகளின் தொகுதி. அமெரிக்காவிலும் கனடாவிலும் நியூசிலாந்திலும் வாழ்ந்த 150க்கு மேற்பட்ட தையற்கலைஞர்கள், பட்டறைக்கு வராமல் தத்தம் வீடுகளிலேயே, குழந்தை வளர்ப்புக்கும் சமையலுக்கும் இடையே அவற்றைத் தைத்தனர். ஒவ்வொரு படைப்பிலும் தைத்தவரின் பெயர் சிகாகோவின் பெயருடன் சேர்த்துக் குறிக்கப்பட்டது; பணியின் வரலாறும் படைப்போடு காட்சிக்கு வைக்கப்பட்டது. வடிவமைப்பு ஒருவருடையதாகவே இருந்தபோதிலும் ஒப்பம் இருவருடையதாயிற்று. பெரிய மேசை இல்லை, பெருமக்கள் பட்டியல் இல்லை. அருங்காட்சியகங்கள், கல்லூரிகள், மகப்பேற்று நிலையங்கள் எனப் பல இடங்களுக்கு அப்படைப்புகள் சிதறிப் போயின. ‘இராவிருந்து’ பற்றி எழுதப்பட்டதில் ஒரு சிறு பங்குகூட அவற்றைப் பற்றி எழுதப்படவில்லை.